இரும்புக்கை மாயாவிக்கு நம்மூரில் மட்டும் ஏன் இவ்வளவு மவுசு?

முகில்: நான் காமிக்ஸ் பக்கம் வந்தே கொஞ்ச நாள்தான் ஆகிறது. ஐம்பதைத் தாண்டிய யாரிடம் காமிக்ஸ் என்று பேச்செடுத்தாலும் முதலில் வாயில் வருவது இரும்புக்கை மாயாவிதான். ஆனால் இந்தக் காமிக்ஸ் நாயகன் இங்கிலாந்துக்காரர், அங்கேயே பேட்மேன் அளவுக்கெல்லாம் பெரிய பெயர் இல்லை போலிருக்கிறது. இங்கே மட்டும் எப்படி? அப்போது படிக்க வேறு எதுவும் கிடைக்கவில்லையா?

பழைய பைண்டிங்: கிடைக்காமல் என்ன, அதற்கு முன்பே இந்திரஜால் காமிக்ஸ் இதழ்களில் முகமூடி வீரர் வேதாளர் வந்துகொண்டிருந்தாரே. 1972-இல் சிவகாசியில் முத்து காமிக்ஸ் தொடங்கியபோது முதல் இதழே மாயாவிதான், அந்த முதல் அடி முக்கியம். என்னைக் கேட்டால் பெரிய காரணம் கதையின் ஓட்டம். இங்கிலாந்தில் இது 1962 முதல் 'வேலியன்ட்' வார இதழில் வாரத்துக்கு இரண்டு மூன்று பக்கமாக வந்த தொடர், ஒவ்வொரு வாரமும் ஏதாவது ஒரு சிக்கலில் கொண்டுபோய் நிறுத்த வேண்டும். அதையே இங்கே ஒரே புத்தகமாகச் சேர்த்துக் கொடுத்தபோது இரண்டு பக்கத்துக்கு ஒரு திடுக்! கீழே வைக்கவே முடியாது. அப்புறம் ஸ்பானிய ஓவியர் ஹெசூஸ் பிளாஸ்கோவின் கறுப்பு வெள்ளைப் படங்கள். மின்சாரம் பாய்ந்ததும் உடம்பு மறைந்து, இருட்டு அறையில் அந்த இரும்புக் கை மட்டும் தனியாக மிதந்து வந்து துப்பாக்கியைப் பிடிக்கும் பாருங்கள், அதற்கு வசனமே வேண்டாம்.

ராத்திரி வாசகன்: எல்லாம் சரி, ஆனால் பாதி மவுசு பால்ய ஞாபகம்தான். இன்றைக்கு முதல்முறையாகப் படிக்கிற பையனுக்கு பல கதைகள் ஒரே அச்சாகத் தெரியும், பெண் பாத்திரங்களைத் தேடத்தான் வேண்டும். அதோடு, இங்கிலாந்தில் ஒரேயடியாக மறந்துவிட்டார்கள் என்றும் சொல்ல முடியாது. 2005-இல் தொடங்கிய 'ஆல்பியன்' காமிக்ஸ் தொடரில் திரும்ப வந்தார், பழைய கதைகளும் மறுபதிப்பு கண்டிருக்கின்றன.

டெக்ஸ் ரசிகை: ஞாபகம் என்று ஒதுக்கிவிட முடியாதுங்க. மாயாவி சேர்த்துக் கொடுத்த வாசகர்கள் இருந்ததால்தானே இத்தாலிய டெக்ஸ் வில்லர், 'கேப்டன் டைகர்' என்று பெயர் மாறி வந்த பிரெஞ்சு புளூபெரி, லக்கி லூக் போன்ற கௌபாய் நாயகர்கள் எல்லாம் தமிழ் பேச முடிந்தது? 2010-இல் சிம்புதேவன் 'இரும்புக்கோட்டை முரட்டுச் சிங்கம்' என்று முழுநீள கௌபாய் படமே எடுத்தார், தியேட்டரில் யாருக்கும் அந்தத் தொப்பியையும் குதிரையையும் விளக்க வேண்டியிருக்கவில்லை. லோகேஷ் கனகராஜும் 'இரும்புக்கை மாயாவி' எடுக்கும் ஆசையை விடாமல் சொல்லிக்கொண்டே இருக்கிறார்.

முகில்: சரி, எங்கிருந்து ஆரம்பிக்கட்டும்?

பழைய பைண்டிங்: முதல் கதையிலிருந்தே. மாயாவி 'நிழற்படை' என்ற ரகசிய அமைப்பின் உளவாளியாகி, விரலுக்குள் துப்பாக்கியெல்லாம் வைத்துக்கொள்வது பின்னால் வருவது. ஆரம்பத்தில் ஆய்வக உதவியாளர் லூயிஸ் கிராண்டேல் (மாயாவியின் நிஜப் பெயர் இதுதான்) மறையும் சக்தி கிடைத்ததும் திருடத்தான் கிளம்புகிறார், வில்லனே அவர்தான். அந்தக் கதையைத் தவறவிடாதீர்கள்.