வயிற்று உள்ளுறுப்புகளுக்கான மென்மையான கைச்சிகிச்சை: அறுவைக்குப் பிந்தைய இழுப்புக்கு உதவுமா?

மாலைநிழல் (கேள்வி)

அனைவருக்கும் வணக்கம். மூன்று ஆண்டுகளுக்கு முன் எனக்குக் குடல்வால் வெடித்து, வயிற்றைத் திறந்து அறுவை செய்ய வேண்டியதாயிற்று. தொப்புளுக்குக் கீழே ஒரு சாண் நீளத்துக்குத் தழும்பு இருக்கிறது. காயம் நன்றாக ஆறிவிட்டது. ஆனால் உயரத்தில் இருக்கும் பொருளை எடுக்கக் கையைத் தூக்கும்போதும், படுக்கையில் இடப்பக்கம் புரளும்போதும், உள்ளே யாரோ ஒரு நூலைப் பிடித்து இழுப்பதுபோல் இருக்கிறது. கூடவே மலச்சிக்கலும் சேர்ந்துகொண்டது. ஸ்கேன் இரண்டு முறை எடுத்தாயிற்று. கவலைப்படும்படி எதுவும் இல்லை என்றுதான் இரண்டு முறையும் சொன்னார்கள்.

தெரிந்தவர் ஒருவர் சொல்லி, உள்ளுறுப்புகளுக்குக் கையால் மென்மையாகச் சிகிச்சை செய்யும் ஒருவரிடம் சென்றேன். அவர் என் வயிற்றின் மேல் உள்ளங்கையை வைத்துக்கொண்டு சில நிமிடங்கள் அசையாமல் இருந்தார். பிறகு, "உங்கள் பெருங்குடல் இடப்பக்கம் திரும்பியிருக்கிறது, கல்லீரல் இறுகியிருக்கிறது, எட்டு அமர்வுகளில் பழைய இடத்துக்குக் கொண்டுவந்துவிடலாம்" என்றார். அவருடைய கை இதமாகவே இருந்தது, அன்றிரவு நன்றாக உறங்கவும் செய்தேன். ஆனால் மேலே தொடும் கையால் உள்ளே இருக்கும் உறுப்பை உண்மையிலேயே நகர்த்த முடியுமா, ஒட்டிக்கொண்ட குடலைப் பிரிக்க முடியுமா, இதில் ஆபத்து ஏதும் உண்டா என்ற கேள்விகள் மனத்தை விட்டு அகலவில்லை. துறை அறிந்தவர்களும் இதைச் செய்துகொண்டவர்களும் தயவுசெய்து விளக்குங்கள்.

தென்றல்வழி (பதில்)

வணக்கம். நான் இயன்முறை மருத்துவர். அறுவைக்குப் பிந்தைய வயிறும் இடுப்புத்தளமும்தான் என் அன்றாட வேலை. நானும் இந்தக் கைமுறைகளில் பயிற்சி பெற்றவள், சிலவற்றை இன்றும் பயன்படுத்துகிறேன். அதனால்தான் இதில் எதை நம்பலாம், எதை நம்பக்கூடாது என்பதை விரிவாக எழுத விரும்புகிறேன்.

1874-இல் அமெரிக்காவில் ஆண்ட்ரூ டெய்லர் ஸ்டில் தொடங்கிய ஆஸ்டியோபதி என்னும் கைச்சிகிச்சை மரபின் ஒரு கிளை இது. உள்ளுறுப்புகளுக்கென்று தனி முறையாக இதை வளர்த்துப் பரப்பியவர் பிரான்சைச் சேர்ந்த ழான்-பியர் பரால். ஒவ்வோர் உறுப்புக்கும் இயல்பான அசைவு ஒன்று உண்டு, அந்த அசைவு தடைபட்டால் வலியும் செயற்குறையும் வரும், தடையைக் கையால் உணர்ந்து மென்மையாக விடுவிக்கலாம் என்பதே இதன் அடிப்படைக் கருத்து.

இந்தக் கருத்தின் முதல் பாதி முழுக்க உண்மை. வயிற்றுக்குள் எதுவும் அசையாமல் கிடப்பதில்லை. சாதாரண மூச்சில் உதரவிதானம் 1 முதல் 2 சென்டிமீட்டர் வரை இறங்கி ஏறுகிறது, ஆழ்ந்து மூச்சை இழுத்தால் அதைப்போலப் பல மடங்கு இறங்குகிறது. அதன் அடியில் தொங்கும் கல்லீரல் ஒன்றரைக் கிலோ எடையுள்ளது, அதுவும் கூடவே இறங்கி ஏறுகிறது. சிறுநீரகங்களும் அப்படித்தான். வயிற்றறையின் உட்சுவரையும் உறுப்புகளின் மேற்பரப்பையும் மூடியிருக்கும் வபை என்ற மெல்லிய சவ்வு சிறிதளவு நீரைச் சுரந்துகொண்டே இருப்பதால்தான், ஏறக்குறைய 6 மீட்டர் நீளமுள்ள சிறுகுடல் தன்மேல் தானே உராயாமல் வழுக்கிக்கொண்டு கிடக்கிறது. வயிற்றைத் திறந்து மூடும்போது இந்தச் சவ்வு புண்படுகிறது. புண்பட்ட இடத்தில் ஃபைப்ரின் என்னும் பசை படிகிறது. சில நாட்களில் உடலே அதைக் கரைத்துவிட்டால் சிக்கல் இல்லை. கரையாமல் நின்றுவிட்டால் அதன்மேல் நார்த்திசு வளர்ந்து, வழுக்க வேண்டிய இரண்டு பரப்புகளை ஒன்றோடொன்று கட்டிவிடுகிறது. திறந்த அறுவைக்குப் பிறகு பெரும்பாலானவர்களுக்கு இத்தகைய ஒட்டுகள் கொஞ்சமாவது இருக்கும். பலருக்கு அவை எந்தத் தொல்லையும் தருவதில்லை, சிலருக்கோ வலியும் குடலடைப்பும் வருகின்றன. மெல்லிய ஒட்டுகள் சாதாரண ஸ்கேனில் பெரும்பாலும் தெரிவதில்லை. ஆகவே "எதுவும் இல்லை" என்று உங்களிடம் சொன்னதை, ஸ்கேனில் காணக்கூடியவை எதுவும் இல்லை என்று புரிந்துகொள்ளுங்கள். உங்களுடைய இழுப்பைக் கற்பனை என்று யாரும் தள்ளிவிட முடியாது.

இரண்டாம் பாதியில்தான் நான் தயங்குகிறேன். கைக்கும் குடலுக்கும் நடுவே தோல், கொழுப்பு, மூன்றடுக்குத் தசை, வபை இத்தனையும் இருக்கின்றன. அவற்றின் வழியே "பெருங்குடல் இடப்பக்கம் திரும்பியிருக்கிறது" என்று உணர்ந்து சொல்வதை வேறொரு சிகிச்சையாளர் தனியாகத் தொட்டுப் பார்த்து உறுதி செய்ய முடிய வேண்டும். அப்படி ஒத்துப்போவதில்லை என்பதே ஆய்வுகள் காட்டுவது. உள்ளுறுப்பு ஆஸ்டியோபதி பற்றிய ஆய்வுகளையெல்லாம் திரட்டி 2018-இல் பிரெஞ்சு ஆய்வாளர்கள் வெளியிட்ட மதிப்பாய்வு, கையால் நோயறியும் முறைக்கும் சரி, அதன் பலனுக்கும் சரி, நம்பத்தக்க சான்று கிடைக்கவில்லை என்றே முடித்தது. ஒட்டுகளைப் பொறுத்தவரை, 2012-இல் எலிகளில் நடந்த ஒரு சோதனையில், அறுவை முடிந்தவுடன் வயிற்றை மென்மையாகப் பிசைந்துவிட்டபோது ஒட்டுகள் குறைவாகவே உருவாயின. அது நம்பிக்கை தரும் செய்திதான். ஆனால் எலியின் மெல்லிய வயிற்றில் புதிதாக முளைத்த ஒட்டும், மனித வயிற்றில் மூன்றாண்டுகள் முதிர்ந்த நார்த்திசுவும் ஒன்றாகிவிடாது. பின்னதைக் கையால் பிரிக்கலாம் என்று எந்த நோயாளியிடமும் நான் சொன்னதில்லை.

அப்படியானால் அன்றிரவு நீங்கள் நன்றாக உறங்கியது எதனால் என்று கேட்பீர்கள். வலிக்குப் பயந்து மூன்றாண்டுகளாக இறுக்கிப் பிடித்திருந்த வயிற்றுத் தசை, அவசரமில்லாத ஒரு கையின் கீழ் தளர்ந்திருக்கும். மூச்சு அடிவயிறு வரை இறங்கியிருக்கும். வலியை எதிர்பார்த்து விழித்துக்கொண்டே இருந்த நரம்புமண்டலம் சற்று அடங்கியிருக்கும். இதைச் சிறிய நன்மை என்று நான் கருதவில்லை. ஆனால் அதற்குக் கல்லீரல் இடம் மாற வேண்டியதில்லை.

நேர்கோடு (பதில்)

நான் பொது அறுவை மருத்துவர். மேலே எழுதிய சகோதரியின் விளக்கத்தை முழுமையாக ஏற்கிறேன். விடுபட்ட ஒன்றை மட்டும் சேர்க்கிறேன்.

தழும்பை ஒட்டிய எல்லா வலியும் உள்ளிருந்து வருவதில்லை. வயிற்றுச் சுவரிலேயே, தையலுக்கு அருகில் ஒரு சிறு தோல்நரம்பு சிக்கிக்கொண்டு இதே இழுப்பைத் தரலாம். இதைப் பிரித்தறிய 1926-இல் கார்னெட் என்ற அறுவை மருத்துவர் எளிய சோதனை ஒன்றைச் சொன்னார். நோயாளியை மல்லாக்கப் படுக்கவைத்து, வலிக்கும் புள்ளியை விரலால் அழுத்தி, அப்படியே தலையையும் தோள்களையும் தூக்கச் சொல்ல வேண்டும். தசை இறுகும்போது அது உள்ளுறுப்புகளுக்குக் கவசமாகிவிடுவதால், உள்ளிருந்து வரும் வலி குறையும். சுவரில் உள்ள வலியோ அப்படியே இருக்கும் அல்லது கூடும். ஒரு நிமிடமும் ஆகாத சோதனை, ஆனால் செய்யப்படாமலே விடப்படுகிறது. வலி சுவரில்தான் என்று உறுதியானால், அந்தப் புள்ளியில் மரத்துப்போகும் மருந்தை ஊசியாகப் போட்டே பலருக்கு நிவாரணம் தர முடிகிறது. உங்கள் மருத்துவரிடம் இதைக் கேட்டுச் செய்துகொள்ளுங்கள். தழும்பின் அடியில் குடலிறக்கம் இல்லை என்பதையும், நின்று இருமவைத்துப் பார்க்கச் சொல்லுங்கள்.

ஆபத்து பற்றியும் கேட்டிருந்தீர்கள். மென்மையான தொடுதல் பெரும்பாலும் தீங்கு செய்வதில்லை. ஆனால் வயிற்றுப் பெருந்தமனியில் வீக்கம் உள்ளவர்கள், கர்ப்பிணிகள், அண்மையில் அறுவை செய்துகொண்டவர்கள், காய்ச்சலோ குடல் அழற்சியின் தீவிர நிலையோ உள்ளவர்கள், இரத்தம் உறையாமலிருக்க மருந்து உண்பவர்கள் ஆகியோர் தம் மருத்துவரைக் கேட்காமல் வயிற்றில் எவரையும் அழுத்த விடக்கூடாது. வயிறு உப்பி, வாந்தி எடுத்து, காற்றும் பிரியாமல் நின்றுவிட்டால் அது குடலடைப்பாக இருக்கலாம். அப்போது கைச்சிகிச்சையைத் தேடி ஒரு மணி நேரத்தைக்கூட இழக்கக்கூடாது. மலத்தில் இரத்தம், காரணமின்றி எடை குறைதல் ஆகியவை இருந்தாலும் பரிசோதனையே முதலில். இந்தச் சிகிச்சையை நம்பி நோயறிதலைத் தள்ளிப்போட்டுவிட்டுத் தாமதமாக வந்தவர்களைப் பார்த்திருக்கிறேன். என் அச்சமெல்லாம் அந்தத் தாமதம்தான்.

அகல்விளக்கு (பதில்)

நான் மருத்துவத் துறையைச் சேர்ந்தவன் அல்லன். பல ஆண்டுகளாக மலச்சிக்கலோடு போராடியவன் என்ற முறையில், உங்கள் கேள்வியின் அந்தப் பகுதிக்கு மட்டும் என் அனுபவத்தைச் சொல்கிறேன்.

எனக்கு வயிறு நீவுதலைக் கற்றுத்தந்தவர் ஓர் இயன்முறை மருத்துவர். முழங்காலுக்கு அடியில் தலையணை வைத்து மல்லாக்கப் படுத்துக்கொள்ள வேண்டும். வலது இடுப்பெலும்பின் உட்புறத்தில் தொடங்கி, விலா எலும்பு வரை மேலே, பிறகு குறுக்காக இடப்பக்கம், அங்கிருந்து இடது இடுப்பை நோக்கிக் கீழே என்று, பெருங்குடல் போகும் வழியிலேயே கை போக வேண்டும். விரல்நுனியால் குத்தாமல், விரல்களைச் சேர்த்துத் தட்டையாக வைத்து, மூச்சை வெளியே விடும்போது மட்டும் சற்று அழுத்த வேண்டும். முதல் வாரத்தில் எந்த மாற்றமும் இல்லை. மூன்றாம் வாரத்தில், இடப்பக்கம் கீழே இறங்கும்போது கையின் அடியில் குடல் குறுகுறுவென்று ஒலி எழுப்பியதைக் கேட்டேன். அன்று காலை முக்காமல் போயிற்று. அதன் பிறகு வாரத்தில் ஐந்து நாட்கள் தவறாமல் செய்து வருகிறேன்.

தென்றல்வழி

அகல்விளக்கு ஐயா சொன்ன முறைக்கு ஓரளவு நல்ல சான்று இருக்கிறது. சுவீடனில் 60 பேரிடம் 8 வாரங்கள் நடந்த ஆய்வு 2009-இல் வெளியானது. வயிறு நீவிக்கொண்டவர்களுக்கு மலம் கழியும் எண்ணிக்கை கூடியது, தொல்லைகளும் குறைந்தன. ஆனால் மலமிளக்கி மருந்தின் அளவு குறையவில்லை. எனவே மருந்தோடு சேர்த்துச் செய்யுங்கள், தானாக மருந்தை நிறுத்திவிடாதீர்கள். பன்முகத் தண்டுவட மரப்பு (மல்டிபிள் ஸ்களிரோசிஸ்) என்னும் நரம்பு நோய் உள்ளவர்களிடம் பிரிட்டனில் நடந்த பெரிய ஆய்வில் இதே அளவு பலன் தெளிவாகத் தெரியவில்லை என்பதையும் சொல்லிவிட வேண்டும். எல்லோருடைய மலச்சிக்கலுக்கும் காரணம் ஒன்றாக இருப்பதில்லை.

மாலைநிழல்

பதில் எழுதிய அனைவருக்கும் நெஞ்சார்ந்த நன்றி. பத்து நாட்கள் கழித்து எழுதுகிறேன். மருத்துவரிடம் அந்தச் சோதனையைக் கேட்டேன். அவர் உடனே செய்து பார்த்தார். தழும்பின் வலது ஓரத்தில், விரல்நுனி அளவே உள்ள ஓர் இடத்தை அழுத்திக்கொண்டு தலையைத் தூக்கச் சொன்னபோது, மூன்றாண்டுகளாக நான் விவரிக்க முடியாமல் தவித்த அதே இழுப்பு பளிச்சென்று வந்தது. எனக்குக் கண்ணீரே வந்துவிட்டது. குடலிறக்கம் இல்லை என்றும் உறுதி செய்தார். அடுத்த வாரம் ஊசி போடலாம் என்கிறார். தழும்பைச் சுற்றி இயன்முறைச் சிகிச்சை செய்துகொள்ளவும் பரிந்துரைத்திருக்கிறார். எட்டு அமர்வுகள் என்று சொன்ன அந்தக் கைச்சிகிச்சையாளரிடம் மீண்டும் போகவா என்று இன்னும் தயக்கமாக இருக்கிறது, ஏனெனில் அவர் அன்பாகவே நடந்துகொண்டார்.

தென்றல்வழி

மிகவும் மகிழ்ச்சி அம்மா. அவரிடம் போவதாக இருந்தால், உறுப்பை இடம் மாற்றுவதாகச் சொல்வதை ஒதுக்கிவைத்துவிட்டு, "எத்தனை அமர்வுகளுக்குள் மாற்றம் தெரியாவிட்டால் நிறுத்திவிடுவீர்கள்?" என்று மட்டும் கேளுங்கள். மூன்று நான்கு முறைக்குள் கை உயரும் தூரமோ உறக்கமோ கொஞ்சமும் மாறவில்லையென்றால் தொடர வேண்டியதில்லை என்று அவரே சொன்னால், அவர் உங்கள் நலனைக் கருதுகிறார் என்று நம்பலாம். எட்டையும் முன்பணமாகக் கேட்டால் தயங்காமல் மறுத்துவிடுங்கள்.

அதுவரை வீட்டிலேயே ஒன்று செய்யலாம். குளித்த பிறகு தோல் இளகியிருக்கும்போது, இரண்டு விரல்களைத் தழும்பின் மேல் வைத்து, தோலின் மீது வழுக்காமல், தோலையே மேலும் கீழும் பக்கவாட்டிலும் அது இசையும் அளவுக்கு மட்டும் நகர்த்திப் பாருங்கள். சில இடங்களில் எளிதாக நகரும், சில இடங்களில் அடியோடு ஒட்டியதுபோல் நின்றுவிடும். நின்ற இடத்தில் வலிக்கும்வரை தள்ளாமல், மெதுவாக ஐந்து மூச்சு வரை காத்திருங்கள். அந்த வலது ஓரத்தை மட்டும் ஊசி போட்டு முடியும்வரை தொடாமல் விட்டுவிடுங்கள். ஊசிக்குப் பிறகு அங்கே எப்படி இருக்கிறது என்று வந்து எழுதுங்கள்.