கார் புகையைப் படமெடுத்தபோது உறுத்திய விஷயங்கள்

பதிவு 1
குளிர்காலக் காலை, காருக்குப் பின்னால் வெள்ளைப் புகை, மேலே "கார்பன் டை ஆக்சைடு" என்று குரல். இந்த ஷாட் இன்னும் எத்தனை ஆவணப்படத்தில் வரும்? உற்றுப் பாருங்கள், சைலன்சர் வாயை ஒட்டிக் கொஞ்சம் இடம் வெறுமையாக இருக்கும். அதைத் தாண்டித்தான் வெண்மை. சூடாக வந்த நீராவி குளிர்ந்து துளியாகிற இடம் அது. எஞ்சின் சூடேறினால் வெண்மை மெலிந்துவிடும், கார்பன் டை ஆக்சைடு நிற்காது. கறுப்புப் புகை கரித்துகள், நீலம் எஞ்சின் ஆயில். தராசைக் காட்டுங்கள்: ஒரு லிட்டர் பெட்ரோல் ஏறத்தாழ முக்கால் கிலோ, எரிந்தால் வரும் கார்பன் டை ஆக்சைடு சுமார் 2.3 கிலோ. மீதி எடை காற்றிலிருந்து சேரும் ஆக்சிஜன்.

பதிவு 2
தராசு வகுப்பறைக்குச் சரி, திரைக்குப் போதாது. அகச்சிவப்புக் கேமராவில் அந்த வாயுவையே பிடிக்கலாம். ஆனால் இந்த வாயு உறிஞ்சும் 4.3 மைக்ரான் அலைநீளத்தின் பக்கம் வடிகட்டி உள்ளதா என்று கேட்டு வாங்குங்கள். மீத்தேன் கசிவு பார்க்கும் கேமரா 3.3 பக்கம் வேலை செய்யும், அதில் இது தெரியாது. திரையில் வருவது செயற்கை நிறம் என்று எழுத்தில் போட்டே ஆகவேண்டும்.

பதிவு 3
இரண்டு பேரும் ஒரே வாயுவைப் பிடித்துக்கொண்டிருக்கிறீர்கள். 2015 செப்டம்பர் 18 அன்று அமெரிக்கச் சுற்றுச்சூழல் முகமை ஃபோக்ஸ்வேகனுக்கு அனுப்பிய நோட்டீஸ் நைட்ரஜன் ஆக்சைடு பற்றியது. அதையும் கார்பன் கணக்கில் சேர்த்துப் பேசும் வர்ணனை வந்துகொண்டே இருக்கிறது. அதற்கான காட்சி சோதனைக் கூடத்தில் இருக்கிறது: ரோலர் மேல் சக்கரம் சுழலும், ஸ்டீயரிங் அசையாது. சோதனையின்போது மட்டும் நைட்ரஜன் ஆக்சைடைக் குறைத்துக் காட்டியது அந்தக் கார்களின் மென்பொருள்; சோதனை நடக்கிறது என்று அது மோப்பம் பிடித்த அடையாளங்களில் ஸ்டீயரிங் அசையாததும் ஒன்று.

பதிவு 4
பதிவு 3 சொல்லும் ஷாட் எப்படிக் கெடும் என்பதையும் தெரிந்துகொள்ளுங்கள். சக்கரச் சுற்றளவு 2 மீட்டர், ஐந்து ஆரம் (ஸ்போக்), கேமரா நொடிக்கு 25 ஃபிரேம் என்று வையுங்கள். 36 கிலோமீட்டர் வேகத்தில் சக்கரம் நொடிக்கு ஐந்து சுற்று. ஒவ்வொரு ஃபிரேமிலும் ஓர் ஆரம் இருந்த இடத்துக்கு அடுத்த ஆரம் சரியாக வந்துவிடும். ஸ்டீயரிங் அசையாததைக் காட்டப் போய், சக்கரமும் நின்றது போலத் தெரியும்! 72-லும் இதே கதைதான். வெளிச்சம் அதிகம் என்று ஷட்டரை 1/500 நொடிக்கு ஏற்றினால் ஆரங்கள் கூர்மையாகி இன்னும் மோசம். 1/50-லேயே வைத்து, லென்ஸ் முன் வைக்கும் மங்கல் கண்ணாடியான என்டி ஃபில்டரால் வெளிச்சத்தைக் குறையுங்கள். கூடத்து விளக்கு 60 ஹெர்ட்ஸ் மின்சாரத்தில் எரிந்தால் 1/60, இல்லாவிட்டால் மினுக்கல் வரும். காரின் எல்இடி விளக்குக்கு இந்தக் கணக்கு பொருந்தாது. மானிட்டரைப் பார்த்தபடி ஷட்டரைச் சிறிது சிறிதாக நகர்த்திச் சரிசெய்ய வேண்டும். வேகத்தை மாற்ற முடியாத சோதனை என்றால், ஓட்டம் தொடங்கும் முன் டயர் பக்கவாட்டில் சாக்பீஸால் ஒரே ஒரு கோடு போடச் சொல்லுங்கள். 36 கிலோமீட்டர் வேகத்தில் ஆரம் நின்றாலும் கோடு ஃபிரேமுக்கு 72 டிகிரி நகரும்.