"டிஎன்ஏ 7% மாறியது": தப்பு நாசா மீதா, நிருபர்கள் மீதா?

எதிர்காற்று:
ஸ்காட் கெல்லி 2015 மார்ச் முதல் 340 நாள் சர்வதேச விண்வெளி நிலையத்தில் இருந்தார். அவருடன் பிறந்த ஒத்த இரட்டையரான மார்க் பூமியில். இருவரையும் ஒப்பிட்டு நாசா ஓர் ஆய்வு நடத்தியது. 2018 மார்ச்சில் ஊடகங்கள் போட்ட தலைப்பு என்ன? "கெல்லியின் டிஎன்ஏ 7% மாறிவிட்டது". நமக்கும் சிம்பன்சிக்கும் டிஎன்ஏவை எழுத்துக்கு எழுத்து ஒப்பிட்டாலே வித்தியாசம் 1 சதவீதத்தை ஒட்டித்தான். அப்படியென்றால் கீழே இறங்கி வந்தது யார்? ஒரு நிருபருக்காவது இந்தச் சந்தேகம் வர வேண்டாமா?

மொட்டைமாடி:
நிருபர்களை மட்டும் அடிப்பது சுலபம். நாசா அறிக்கையிலேயே 93% மரபணுக்கள் இயல்புக்குத் திரும்பின, மீதி 7% நீண்டகால மாற்றமாக இருக்கலாம் என்றுதான் இருந்தது. எதில் 7%? விண்வெளியில் செயல்பாடு கூடியோ குறைந்தோ போன மரபணுக்களில், ஆறு மாதம் ஆகியும் பழைய அளவுக்கு வராதவை. அடிப்படையில் டிஎன்ஏ மாறவே இல்லை. மலையேறுபவர்களுக்கும் இப்படி நடக்கக்கூடும். இதையெல்லாம் மார்ச் 15 அன்றுதான் விளக்கினார்கள், ஊரெல்லாம் பரவிய பிறகு!

கடலைமிட்டாய்:
அந்தத் தலைப்பு இல்லாவிட்டால் இந்த ஆய்வைப் பற்றி நாம் பேசிக்கொண்டு இருப்போமா? கெல்லியே ட்விட்டரில், இனி மார்க்கை ஒத்த இரட்டையர் என்று சொல்ல வேண்டியதில்லை என்று கிண்டலடித்தார். முதலில் ஜனங்கள் திரும்பிப் பார்க்கட்டும், திருத்தம் அப்புறம்.

மொட்டைமாடி:
திருத்தத்தை யார் ஃபார்வர்ட் செய்கிறார்கள்? எங்கள் குடும்ப வாட்ஸ்அப் குழுவுக்கு அந்த 7% மட்டும்தான் வந்தது. திரும்பிப் பார்க்க வைக்கப் பொய்யே தேவையில்லை. குரோமோசோம் நுனியில் இருக்கும் டெலோமியர் வயதாக ஆகக் குட்டையாகும். கெல்லிக்கு விண்வெளியில் அது நீண்டது, இறங்கியதும் மளமளவென்று சுருங்கியது! 2019 ஏப்ரலில் சயன்ஸ் இதழில் வெளியான ஆய்வுக் கட்டுரையிலேயே இருக்கிறது. இதைவிட என்ன சுவாரசியம் வேண்டும்?

எதிர்காற்று:
"விண்வெளிக்குப் போனால் இளமை திரும்பும்" என்று எழுதிவிடுவார்கள். திரும்பி வந்தபின் குட்டையான டெலோமியர்கள் முன்பைவிட அதிகம் இருந்ததை யாரும் சொல்ல மாட்டார்கள்.

கடலைமிட்டாய்:
எல்லாவற்றுக்கும் பூட்டுப் போட்டால், வரிப்பணத்தில் என்ன கண்டுபிடித்தார்கள் என்று மக்களுக்கு எப்போதுதான் சொல்வது?

மொட்டைமாடி:
யார் வேண்டாம் என்றது? சதவீதம் சொன்னால் எதில் என்று சொல்லுங்கள். மேலே போனவர் ஒருவர், ஒப்பிட்டதும் ஒருவரோடு என்று சொல்லுங்கள். இரண்டு வரி கூடும், அவ்வளவுதான். அதை எழுத வேண்டியது நாசா.

எதிர்காற்று:
நாசா எழுதினாலும் நிற்காது ஐயா. பத்திரிகை அலுவலகத்தில் வேலை பார்த்தவன் சொல்கிறேன், இடம் போதவில்லை என்றால் முதலில் வெட்டுவது அந்த இரண்டு வரியைத்தான்.