பெயர் தேய்ந்த பதக்கம்: தாங்கா சண்டைக்குப் போனவரைத் தேடுகிறேன்

பெங்களூரு அல்சூர் வீட்டு டிரங்குப் பெட்டியில் ஒரு வெள்ளிப் பதக்கம் கிடைத்தது. ஒரு பக்கம் ஐந்தாம் ஜார்ஜ், மறுபக்கம் குதிரை வீரன், 1914, 1918. விளிம்பில் ஓர் எண்ணும் '63'ம் மட்டும் தெரிகின்றன. பெயர் இருந்த இடம் வழவழ. யாரோ வருஷா வருஷம் புளி போட்டுத் தேய்த்திருக்கிறார்கள்!

பதக்கம் பாட்டியின் தாத்தாவுடையது. பாட்டிக்கு அவர் 'பட்டாளத்து தாத்தா', சொந்தப் பெயர் நினைவில்லை. "தேனீ கொட்டின சண்டைக்குப் போனவர்" என்பார். கதை என்றே நினைத்திருந்தேன். ஆனால் முதல் உலகப் போரில், 1914 நவம்பரில் ஜெர்மன் கிழக்கு ஆப்பிரிக்காவின் (இன்றைய தான்சானியா) தாங்காவில் தேனீக்கள் பிரிட்டிஷ் இந்தியப் படையைக் கொட்டியது உண்மை. பெங்களூர் பிரிகேடோடு 63வது பாளையங்கோட்டை லைட் இன்ஃபன்ட்ரி என்ற காலாட்படைப் பிரிவும் அங்கே இறங்கித் தோற்றது. பிரான்ஸ் போர்முனைக்கு மலை மலையாகப் புத்தகம், இதற்கு இரண்டு பக்கம்.

பென்சிலால் தாளில் தேய்த்துப் பார்த்தேன், எண்தான் விழுந்தது. போர்க் கல்லறை ஆணையத்தின் பட்டியலில் இறந்தவர்கள்தான். இவர் திரும்பி வந்தவர். ஓர் அலுவலகத்தில் பெயரில்லாமல் தேட முடியாது என்றார்கள்.

படைப்பிரிவும் சிப்பாய் எண்ணும் மட்டும் வைத்து பெயரைக் கண்டுபிடிக்க எந்த ஆவணத்தை, எங்கே பார்க்க வேண்டும்?