இலண்டன் பெருத்தபோது அக்கம்பக்கம் கரைந்துபோயிற்றா?

குழித்தறி (அம்மாப்பேட்டை) கேட்கிறார்:

அனைவருக்கும் வணக்கம். சேலத்தில் முதுகலை வரலாறு இரண்டாம் ஆண்டு படிக்கிறேன். 1550 முதல் 1700 வரையிலான இங்கிலாந்தின் நகர வாழ்க்கையைப் பற்றிக் கருத்தரங்கக் கட்டுரை ஒன்று எழுத வேண்டியிருக்கிறது. 1520-களில் ஐம்பது அறுபதாயிரம் பேர் வாழ்ந்த இலண்டன், 1600-இல் ஏறத்தாழ 2 லட்சத்தையும் 1700-இல் 5 லட்சத்துக்கு மேலும் எட்டியது என்பது வரை எனக்குத் தெளிவாகவே இருக்கிறது. தெளிவில்லாதது அதன் பிறகுதான். எங்கள் வகுப்புக் குறிப்பில் நகரம் பெருத்தது, கிராமத்து உறவு அறுந்தது, மனிதர் முகமற்றவரானார் என்று மூன்றே வரியில் விஷயம் முடிந்துவிடுகிறது. ஆனால் அக்காலத்து நீதிமன்றச் சாட்சியங்களைப் பற்றிப் படித்தால், அடுத்த வீட்டுக் கதவு இரவில் எப்போது சாத்தப்பட்டது, யார் யாரோடு எதற்காகப் பேச்சை நிறுத்தினார் என்பதெல்லாம் தெருவுக்கே அத்துப்படியாக இருந்திருக்கிறது. முகமற்றவர்களுக்கு இப்படி ஒரு வம்பு எங்கிருந்து வந்தது?

எங்கள் தாத்தா ஓமலூர்ப் பக்கத்துக் கிராமத்திலிருந்து தறி வேலைக்காக அம்மாப்பேட்டைக்கு வந்தவர். வந்த வாரத்திலேயே அவர் யார் மகன், முதலாளியிடம் எவ்வளவு முன்பணம் வாங்கியிருக்கிறார் என்பது தெரு முழுவதற்கும் தெரிந்திருந்ததாம். அதை நினைக்கும்போது வகுப்புக் குறிப்பின் மீது எனக்கு ஐயம் கூடுகிறது. விவரம் அறிந்தவர்கள் வழிகாட்ட வேண்டுகிறேன்.


ஓய்வாசிரியர் (செவ்வாய்ப்பேட்டை) எழுதுகிறார்:

அம்மணி, முதலில் கணக்கை நேராக்கிக்கொள்வோம். இலண்டன் தன் பிள்ளைகளால் பெருத்த ஊர் அன்று. அங்கே பிறந்தவர்களைவிட இறந்தவர்களே அதிகம். ஊர் சுருங்காமல் இருப்பதற்கே ஆண்டுதோறும் ஆயிரக்கணக்கானோர் வெளியிலிருந்து வந்தாக வேண்டும். பெருக்க வேண்டுமானால் அதற்கு மேலும் வேண்டும். ரிக்ளி என்ற மக்கள்தொகை வரலாற்றாளர் 1967-இல் வெளியிட்ட கணக்கின்படி, 17-ஆம் நூற்றாண்டின் பிற்பாதியில் ஆண்டுக்குச் சுமார் 8,000 பேர் நிகரமாக இலண்டனுக்கு வந்து சேர்ந்தார்கள். இங்கிலாந்தில் வளர்ந்து ஆளானவர்களில் ஆறில் ஒருவர் வாழ்நாளில் ஏதோ ஒரு கட்டத்தில் அந்த ஊரில் இருந்திருக்கக்கூடும் என்பதும் அவருடைய மதிப்பீடு.

உங்கள் வகுப்புக் குறிப்பு இந்த எண்ணைப் பார்த்து மிரண்டுவிட்டது என்று நினைக்கிறேன். எத்தனை பேர் வந்தார்கள் என்று கேட்டதோடு நிறுத்தாமல், வந்தவர் முதல் இரவு எங்கே படுத்தார் என்றும் கேட்டுப் பாருங்கள். வந்தவர்களில் பெரும்பகுதியினர் இளையோர். பையன்கள் தொழில் பழகவும் பெண்கள் வீட்டு வேலைக்கும் வந்தார்கள். 1563-ஆம் ஆண்டுச் சட்டப்படி ஒரு தொழிலைப் பழகக் குறைந்தது 7 ஆண்டுகள் ஆகும். அத்தனை ஆண்டும் பையன் எசமானரின் வீட்டிலேயே தங்கி, அவருடைய சோற்றைத் தின்று, அவர் அனுமதியில்லாமல் மணம் செய்துகொள்ளாமல், மதுக்கடைக்கும் சூதாட்டத்துக்கும் போகாமல் இருக்க வேண்டும் என்று ஒப்பந்தத்திலேயே எழுதிக் கையெழுத்தாகும். நம் செவ்வாய்ப்பேட்டைக் கொலுசுப் பட்டறைகளில் வேலை பழக வந்த பையன்கள் பட்டறையிலேயே படுத்து எழுந்ததைப் பார்த்தவர்களுக்கு இது புதிதாக இராது. தெருவில் இறங்கியவுடனேயே அந்தப் பையனுக்கு ‘இன்னார் வீட்டுப் பையன்’ என்ற பெயர் கிடைத்துவிடும். பலர் 7 ஆண்டு முடியும் முன்பே விட்டுப் போனார்கள் என்பதையும் மறைக்க வேண்டாம்.

அடுத்தது தேவாலயப் பங்கு, அதாவது ஓர் ஆலயத்துக்கு உட்பட்ட வட்டாரம். மதிலுக்குள் இருந்த பழைய நகரம் ஒரு சதுர மைலுக்கும் குறைவு. அதற்குள் 97 பங்குகள். அதாவது ஒரு பங்கு என்பது சில தெருக்கள், அவ்வளவுதான். ஆலயக் காப்பாளர், ஊர்க்காவலர், ஏழைகளுக்கான மேற்பார்வையாளர் ஆகிய பொறுப்புகளைச் சம்பளக்காரர்கள் பார்க்கவில்லை. குடும்பத் தலைவர்களே முறைவைத்துப் பார்த்தார்கள். 1538 முதல் ஞானஸ்நானமும் திருமணமும் அடக்கமும் பங்கின் பதிவேட்டில் ஏறின. 1598, 1601-ஆம் ஆண்டுச் சட்டங்களுக்குப் பிறகு ஏழை வரியும் பங்குக்குள்ளேயே வசூலாகி அங்கேயே செலவானது. என் காசில் யார் சாப்பிடுகிறார் என்பது எனக்குத் தெரிந்தாக வேண்டுமே! வம்புக்கு அதைவிட உறுதியான அடித்தளம் வேறு எது?


ஏற்காட்டுக் காப்பிக்காரன் எழுதுகிறார்:

ஆசிரியர் ஐயா சொல்வதை மறுக்கவில்லை. ஆனால் அவர் நகரத்தைப் பல கிராமங்களாக வெட்டிக் காட்டுகிறார் என்று தோன்றுகிறது. நகரத்துக்கென்றே ஒரு பழக்கம் உண்டு, அறிமுகமில்லாதவரோடு உட்கார்ந்து பேசுவது. அதற்கு நான் வேலை பார்க்கும் பயிரையே சாட்சிக்கு அழைக்கிறேன்.

சேர்வராயன் மலைக்குக் காப்பி வந்தது 1820-களில், சேலம் ஆட்சியராக இருந்த காக்பர்ன் காலத்தில். அதற்கு ஒன்றரை நூற்றாண்டுக்கு முன்பே, 1652-இல், இலண்டனின் கார்ன்ஹில் பகுதியில் புனித மைக்கேல் சந்தில் முதல் காப்பிக்கடை திறந்தாயிற்று. துருக்கியின் ஸ்மிர்னா துறைமுகத்திலிருந்து திரும்பிய டேனியல் எட்வர்ட்ஸ் என்ற வணிகர் உடன் அழைத்து வந்த பணியாள் பாஸ்குவா ரோசே என்பவர்தான் அதை நடத்தினார். ஏமன் நாட்டு மோக்கா துறைமுகத்திலிருந்து வந்த கொட்டையை வறுத்துப் பொடித்துத் தண்ணீரில் கொதிக்க வைத்த கறுப்புக் கசாயம் அது. பால் இல்லை, வடிகட்டி இல்லை. களத்தில் காப்பியைக் காயவைத்து, கிளறி, மழைக்குப் பயந்து மூடி, இத்தனை பாடுபடும் எங்களுக்கு அதைக் குடிக்க மனம் வராது. ஆனால் ஒரு பென்னி கொடுத்தால் நீண்ட மேசையில் காலியாக இருக்கும் இடத்தில் உட்காரலாம். பக்கத்தில் இருப்பவர் கப்பல் முதலாளியா, எழுத்தரா என்று பார்க்க வேண்டியதில்லை. செய்தித்தாளை ஒருவர் உரக்கப் படிக்க மற்றவர்கள் தர்க்கம் செய்வார்கள். எட்வர்ட் லாய்டின் கடையில் கூடிய கப்பல்காரர்களின் பேச்சிலிருந்துதான் பிற்காலத்துப் பெரிய காப்பீட்டுச் சந்தையே முளைத்தது. இந்தப் பேச்சுக்கு அஞ்சி இரண்டாம் சார்லஸ் 1675 டிசம்பர் இறுதியில் காப்பிக்கடைகளை மூட ஆணையிட்டார்; எழுந்த எதிர்ப்பில் சில நாட்களிலேயே அதைத் திரும்பப் பெற்றுக்கொண்டார். இதையெல்லாம் பங்கின் பதிவேட்டில் தேடினால் கிடைக்குமா?


குழித்தறி:

இருவருக்கும் நன்றி. ஆனால் ஐயா சொன்ன ஆலயக் காப்பாளரும் அண்ணன் சொன்ன காப்பிக்கடை வாடிக்கையாளரும் பெரும்பாலும் ஆண்கள். சாட்சியங்களில் வரும் பெண்கள் எங்கே சந்தித்துக்கொண்டார்கள்?


அஸ்தம்பட்டி வழக்கறிஞர் எழுதுகிறார்:

குழாயடியில்தான், தங்கச்சி. இதை விளையாட்டாகச் சொல்லவில்லை. இலண்டனில் ஊற்று நீரை ஈயக் குழாய்களில் கொண்டுவந்து தெருவோரக் கல்தொட்டிகளில் விட்டிருந்தார்கள். தண்ணீர் சுமந்து விற்பவர்களும் வேலைக்காரப் பெண்களும் அங்கே வரிசையில் நின்றார்கள். நின்ற இடத்தில் சண்டையும் வந்தது. ஹெர்ட்ஃபோர்ட்ஷையர் ஊற்றுகளிலிருந்து ஹியூ மிடில்டன் 1613-இல் புதிய கால்வாயை வெட்டி முடித்து, எல்ம் என்ற மரத்தைக் குடைந்த குழாய்களில் வீடுவீடாகத் தண்ணீர் கொடுத்த பிறகும், கட்டணம் கட்ட முடிந்தவர் வீட்டுக்குத்தான் அது போயிற்று.

நீங்கள் படித்த சாட்சியங்கள் அனேகமாகத் திருச்சபை நீதிமன்றத்தவையாக இருக்கும். 17-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் இலண்டன் மறைமாவட்ட நீதிமன்றத்துக்கு வந்த அவதூறு வழக்குகளில் பெரும்பாலானவற்றைத் தொடுத்தவர்கள் பெண்கள். ‘என் நடத்தையைப் பற்றித் தெருவில் இப்படிச் சொன்னாள்’ என்பதுதான் புகார். எங்கே நின்று சொன்னாள், வாசற்படியிலா சன்னலிலா, யார் காதில் விழுந்தது என்று ஒவ்வொன்றாகக் கேட்டு எழுதியிருப்பார்கள். வசைச்சொல் வீட்டுக்குள் சொல்லப்பட்டிருந்தால் மானம் போகாது. தெருவில் சொன்னால் போகும். பெண்கள் வாசலில் உட்கார்ந்து தைத்தார்கள், பிள்ளைக்குப் பால் கொடுத்தார்கள். கண்ணும் காதும் தெருவிலேயே இருந்தன. தோற்றவர் பங்குக் குருவின் முன்னிலையில், அக்கம்பக்கத்தார் பார்க்க, மன்னிப்புக் கேட்க வேண்டும். ஆனால் பெரும்பாலான வழக்குகள் தீர்ப்பு வரை போகவே இல்லை. இடையில் யாராவது பேசி முடித்துவிடுவார்கள். இன்றும் காலையில் வாய்தாவுக்கு வந்து, மாலையில் ஒரே பேருந்தில் ஊர் திரும்பும் வாதியையும் பிரதிவாதியையும் நான் அடிக்கடி பார்க்கிறேன்.

உங்கள் கட்டுரைக்கு ஒரு தொழில் நுணுக்கம் சொல்கிறேன். சாட்சி சொல்பவர் முதலில் தம் வயது, தொழில், பிறந்த ஊர், இந்தப் பங்கில் எத்தனை ஆண்டுகளாக இருக்கிறார் ஆகியவற்றைச் சொல்ல வேண்டும். அதைப் படித்தால் பலர் இலண்டனில் பிறக்காதவர்கள் என்பது தெரியும். பக்கத்து வீட்டு மானத்துக்குச் சான்று சொன்னவரே வந்தேறியாக இருந்தார் என்றால், உங்கள் வகுப்புக் குறிப்பை அந்த ஒரு பத்தியே கேள்விக்கு உள்ளாக்கும்.


ஓய்வாசிரியர்:

காப்பிக்காரத் தம்பிக்கு ஒரு சொல். பாஸ்குவா ரோசே கடை போட்டவுடன் பக்கத்தில் பார்லி மது விற்றவர்கள் சும்மா இருந்தார்களா? இவன் நகரத்தின் உரிமை பெற்ற குடிமகன் அல்லன், இவன் எப்படிக் கடை வைக்கலாம் என்று நகரத் தலைவரிடம் மனுக் கொடுத்தார்கள். எட்வர்ட்ஸின் மாமனார் ஹாட்ஜஸ், உரிமை பெற்றவனான தம் வண்டிக்காரன் பௌமனைக் கூட்டாளியாகச் சேர்த்துவிட்ட பிறகே தொழில் நடந்தது. அறிமுகமில்லாதவர்கள் கூடும் கடைக்கும் அறிமுகமுள்ள ஒருவன் பிணை நிற்க வேண்டியிருந்தது, பாருங்கள்.

ஆனால் அக்கம்பக்கம் என்றாலே இனிமை என்று எழுதிவிடாதீர்கள் அம்மணி. தையற்காரராக இருந்து வரலாறு எழுதிய ஜான் ஸ்டோ 1598-இல் தம் இலண்டன் வருணனையை வெளியிட்டார். கோடைத் திருவிழா இரவுகளில் தெருவில் சொக்கப்பனை கொளுத்தி, வசதியுள்ளவர்கள் வாசலில் மேசை போட்டு ரொட்டியும் மதுவும் வைத்து, போவோர் வருவோரை அழைத்ததையும், பேச்சற்றுப் போனவர்களை அங்கே மற்றவர்கள் சேர்த்துவைத்ததையும் அதில் உருகி உருகி எழுதுகிறார். கோட்டை மாரியம்மன் ஆடித் திருவிழாவைப் பற்றி என் வயதுக்காரர்கள் பேசுவதும் இதே குரலில்தான். ஆகவே அதைச் சற்றுக் குறைத்தே எடுத்துக்கொள்வேன். அதே ஸ்டோ இன்னொன்றும் சொல்கிறார். அரசவையில் செல்வாக்குப் பெற்ற தாமஸ் கிராம்வெல் தம் மாளிகைத் தோட்டத்தை விரிவாக்க, அக்கம்பக்கத்து நிலங்களில் கேட்காமல் கொள்ளாமல் 22 அடி அளந்து எடுத்துக்கொண்டார். ஸ்டோவின் தந்தையின் வேலியை ஒட்டி நின்ற வீட்டைப் பெயர்த்து, உருளைகளின் மேல் ஏற்றி, 22 அடி உள்ளே தள்ளி வைத்தார்கள். தந்தைக்கு முன்கூட்டி ஒரு வார்த்தை இல்லை. எவரும் கேட்கத் துணியவில்லை. பாதித் தோட்டம் போன பிறகும் ஆண்டு வாடகையை அவர் முழுதாகவே கட்டி வந்தார்.

ஸ்டோ சிறுவயதில் அரைப் பென்னி கொடுத்துக் கறந்த சூட்டோடு பால் வாங்கி வந்த பண்ணையின் கதையும் உண்டு. பண்ணைக்காரர் குட்மனின் மகன் முதலில் அந்த நிலத்தைக் குதிரை மேய்ச்சலுக்கு விட்டான். பிறகு தோட்டத் துண்டுகளாகப் பிரித்து வாடகைக்கு விட்டு, உட்கார்ந்து சாப்பிட்டான். கன்னங்குறிச்சிப் பக்கம் வயல் மனையானதைப் பார்த்தவர்களுக்கு விளக்கம் வேண்டாம். இந்தப் பெருக்கத்தைத் தடுக்க எலிசபெத் அரசி 1580-இல் நகர வாயில்களிலிருந்து 3 மைலுக்குள் புது வீடு கட்டக் கூடாது, ஒரு வீட்டில் ஒரு குடும்பமே இருக்க வேண்டும் என்று ஆணையிட்டார். வீடுகள் எழும்பிக்கொண்டே இருந்தன. பின்வந்த அரசர்கள் மீறியவர்களிடம் தண்டம் வாங்கிக்கொண்டு விட்டுவிட்டார்கள். நம் ஊரில் வரன்முறைக் கட்டணம் என்போமே, அந்த மாதிரி.

ஒரு பங்கு என்பது சில தெருக்கள்தான் என்று நான் முன்பு சொன்ன கணக்கு இங்கேதான் உடைகிறது. வந்தவர்கள் பெரும்பாலும் மதிலுக்கு வெளியே, ஸ்டெப்னி, கிரிப்பிள்கேட் போன்ற பெரிய பங்குகளில் குவிந்தார்கள். அங்கே சில காப்பாளர்களால் எல்லாரையும் முகம் பார்த்து அறிய முடியாது. முகம் தெரிந்தவனுக்கும் எல்லாம் சுகமில்லை. 1662-ஆம் ஆண்டுக் குடியமர்வுச் சட்டம், ஆண்டுக்கு 10 பவுண்டுக்குக் குறைந்த வாடகையில் குடியேறிய புதியவரை, வந்த 40 நாட்களுக்குள் புகார் எழுந்தால், பழைய ஊருக்கே திருப்பி அனுப்ப இடம் கொடுத்தது. புகார் கொடுப்பது யார்? பங்குக்காரர்கள்தான். 1665-இல் பிளேக் வந்தபோது நோய் கண்ட வீட்டைக் குடும்பத்தோடு 40 நாள் பூட்டி, கதவில் சிவப்புச் சிலுவை வரைந்து, இரவும் பகலும் காவல் போட்டார்கள். பங்கு கூலி கொடுத்த முதிய பெண்கள் பிணத்தைப் பார்த்துக் காரணம் சொன்னார்கள். அவ்வாண்டு இறப்புப் பட்டியல்களில் பிளேக்குக்கென்று ஏறிய எண் மட்டும் 68,596. பூட்டிய வீட்டுக்குச் சாப்பாடு அனுப்பியதும் அதே பங்குதான்.


குழித்தறி:

கட்டுரையை மதிலுக்கு உள்ளே, மதிலுக்கு வெளியே என்று பிரித்து எழுதுகிறேன். அக்கா சொன்ன சாட்சி முகவுரையிலிருந்து தொடங்குவேன். வண்டிக்காரன் பௌமனுக்கும் ஒரு பத்தி உண்டு, காப்பிக்கார அண்ணன் கோபித்துக்கொள்ள வேண்டாம். ஐயா சொன்ன கேள்வியை இன்று மாலை தாத்தாவிடமே கேட்டேன். முதலாளி வீட்டுத் திண்ணையில், தலைக்கு ஒரு நூல் சிப்பத்தை வைத்துப் படுத்தாராம். விடிந்ததும் எதிர்வீட்டுப் பாட்டி வந்து, எந்த ஊர் என்று கேட்பதற்கு முன்பே, எந்தக் குலதெய்வம் என்று கேட்டாளாம்.