நாட்டின் வரலாறு லயத்துக் காம்பராவில் தொடங்குகிறதா, அரசின் ஏட்டிலா?

தேயிலைச்சாரல்:
இலங்கையின் மலையக மக்கள் அங்கே குடிவரத் தொடங்கி இருநூறு ஆண்டு நிறைந்ததை ஒட்டி, 2023இல் தலைமன்னாரிலிருந்து மாத்தளை வரை ஒரு நடைபயணம் நடந்தது. தமிழகத்திலிருந்து தோணியேறி வந்தவர்கள் காட்டு வழியே காப்பித் தோட்டங்களுக்கு நடந்த தடம் அது. அந்தப் பயணத்தை முன்வைத்து ஒன்று சொல்ல விரும்புகிறேன். ஆளுநர்கள், பிரதமர்கள், அரசியல் யாப்புகள் என்று அடுக்கும் பாடநூலைப் படித்து இலங்கையைப் புரிந்துகொள்ள முடியாது. லயத்துக் காம்பராவில், அதாவது தோட்டத்து வரிசை வீட்டின் ஓர் அறையில், நான்கு தலைமுறை வாழ்ந்த ஒரு குடும்பத்தைக் கேட்டால், காப்பி அழிந்து தேயிலை வந்தது, 1931இல் சிலருக்கேனும் கிடைத்த வாக்குரிமை 1949இல் பறிபோனது, 1970களில் தோட்டங்கள் அரசுடைமையானது, அந்த ஆண்டுகளின் பட்டினி என எல்லாமே அந்தக் கதைக்குள் இருக்கும். நாட்டு வரலாற்றை அங்கிருந்துதான் எழுதத் தொடங்க வேண்டும்.

ஏட்டுக்கட்டு:
நண்பரின் அக்கறையை மதிக்கிறேன்; முடிவை ஏற்க இயலவில்லை. காம்பராவில் இருந்தவருக்கு அடி விழுந்தது தெரியும், அடித்த கை எது என்பது அங்கிருந்து தெரியாது. 1869இல் இலங்கைக் காப்பிச் செடிகளில் தென்பட்ட இலை நோய் இருபது ஆண்டுகளுக்குள் அந்தத் தொழிலையே சாய்த்தது. காப்பிக்கு ஆள் தேவைப்பட்டது பெரும்பாலும் பழம் பறிக்கும் பருவத்தில். தேயிலையோ ஆண்டு முழுவதும் கொழுந்து விடுவது. வந்து திரும்பிக்கொண்டிருந்த கூலிகள் குடும்பத்தோடு தங்கிய குடிகளாக மாறியதற்கு இதுவே அடிப்படைக் காரணம். இதை எந்தப் பாட்டியின் நினைவும் சொல்லாது; ஏற்றுமதிக் கணக்கும் குடிவரவுக் கணக்கும்தான் சொல்லும். மேலும், கேட்டதைச் சொல்வதில் ஓர் ஆபத்தும் உண்டு. 1840களில் தோட்டத் தொழிலாளர் 70,000 பேர் மாண்டதாக 1849இல் கொழும்புப் பத்திரிகை ஒன்று மதிப்பிட்டது. ஆய்வாளர்களிடையே இன்றும் வாதத்தில் இருக்கும் அந்த எண், மேடைகளில் தலை எண்ணி உறுதி செய்த கணக்கைப் போலச் சொல்லப்படுகிறது.

தேயிலைச்சாரல்:
ஆவணம் எங்கே என்று கேட்கிறீர்கள். 1948ஆம் ஆண்டின் 18ஆம் இலக்கக் குடியுரிமைச் சட்டமும் இவர்களிடம் அதைத்தான் கேட்டது. ஒருவர் இலங்கையிலேயே பிறந்திருந்தாலும், தந்தை இங்கே பிறந்தவர் என்றோ, பாட்டனும் பூட்டனும் இங்கே பிறந்தவர்கள் என்றோ மெய்ப்பிக்க வேண்டும் என்றது அந்தச் சட்டம். பிறப்புப் பதிவே ஒழுங்காக நடக்காத தோட்டங்களில் பூட்டனின் பிறப்புச் சான்றுக்கு யார் எங்கே போவார்கள்? அடுத்த ஆண்டு வந்த இந்திய பாகிஸ்தானியர் குடியுரிமைச் சட்டத்தின் கீழ் ஏறத்தாழ 8,25,000 பேருக்காக விண்ணப்பங்கள் போயின. குடியுரிமை கிடைத்ததோ சுமார் 1,34,000 பேருக்கு. காகிதம் இல்லை என்று சொல்லி நாடற்றவராக்கப்பட்டவர்களிடம், காகிதம் இல்லாததால் உங்கள் வரலாறும் செல்லாது என்று நாமும் சொல்வது அறமாகாது.

இருக்கிற ஏடுகளும் முழுதாகப் பேசுவதில்லை. தோட்டத்துச் செக்ரோலை, அதாவது வேலைநாள் பதிவேட்டை, எடுத்துக்கொள்ளுங்கள். விடியற்காலை ஆள் கணக்கெடுக்கும் பெரட்டில் நின்று, மலையேறி, குறித்த எடைக்குக் கொழுந்து கொடுத்த பெண்ணுக்கு முழுப்பேர், அதாவது முழுநாள் சம்பளம், விழும். எடை குறைந்தால் அரைப்பேர். ஆனால் பெண்ணின் சம்பளத்தைக் கணவனோ தகப்பனோ வாங்கிப்போவது தோட்டங்களில் நெடுங்காலம் இருந்த வழக்கம். அவள் என்ன சம்பாதித்தாள் என்பதை ஏடு சொல்லும். அந்தக் காசு அவள் கைக்கு வந்ததா என்பதை அவள்தான் சொல்ல வேண்டும். ஆணுக்கும் பெண்ணுக்கும் சமமான நாட்சம்பளம் 1984இல்தான் வந்தது என்பதை இத்துடன் சேர்த்துப் படித்தால், ஏற்றுமதிக் கணக்கில் தெரியும் தேயிலை வருமானம் யாருடைய உழைப்பில் நின்றது என்பது விளங்கும்.

கோத்தகிரிக்காரி:
நான் இலங்கைத் தோட்டத்திலிருந்து இந்தியாவுக்கு அனுப்பப்பட்ட தாயகம் திரும்பியோர் குடும்பத்தில் பிறந்தவள். ஏட்டுக்கட்டு ஐயா, எந்தப் பாட்டியின் நினைவும் சொல்லாது என்று எழுதியிருக்கிறீர்கள். என் பாட்டி நானுஓயாப் பக்கத்துத் தோட்டம் ஒன்றில் பிறந்தவர். தன் பூட்டன் காலத்தில் காப்பிப் பழம் எடுத்து முடிந்ததும் எல்லாரும் ஊர் திரும்பிவிடுவார்கள் என்றும், கொழுந்து வந்த பிறகு, ஆள் சேர்த்து மேய்த்த கங்காணியிடம் பட்ட கடன் தீராமல் யாரும் தோட்டத்தை விட்டு அசைய முடியாமற்போனது என்றும் அவர் சொல்வார். நீங்கள் ஏற்றுமதிக் கணக்கில் கண்டதைத்தான் அவரும் சொல்லியிருக்கிறார். கடன் என்ற ஒன்றைக் கூடுதலாகவும் சொல்லியிருக்கிறார்.

1970களில் பாட்டி இந்தியக் குடியுரிமைக்கு எழுதிக்கொடுத்தார். அவர் தம்பி இலங்கைக் குடியுரிமைக்கு. ஒரே லயத்தில் அடுத்தடுத்த காம்பரா அவர்களுடையது. அம்மிக்கல்லைத் தம்பி வீட்டில் இறக்கி வைத்துவிட்டு, பாட்டி கோச்சியில் (ரயிலில்) தலைமன்னாருக்கும், கப்பலில் இராமேஸ்வரத்துக்கும், அங்கிருந்து மண்டபம் முகாமுக்கும் வந்தார். பிறகு நீலகிரியில் அரசுத் தேயிலைத் தோட்ட வேலை. அங்கே இந்தியாக்காரர் என்று சொல்லப்பட்டவருக்கு இங்கே சிலோன்காரி என்று பெயர்.

ஏட்டுக்கட்டு:
சகோதரி, கடன் பற்றி உங்கள் பாட்டி சொன்னது மிகச் சரி. தொழிலாளியின் கடனை எழுதிய துண்டு ஒரு தோட்டத்திலிருந்து மற்றொன்றுக்குக் கைமாறும் முறை 1921இல்தான் சட்டப்படி ஒழிக்கப்பட்டது. ஆனால் அவர் சொன்னதை நாம் உறுதியாக ஏற்க முடிவது, அந்தச் சட்டம் ஏட்டில் இருப்பதால்தான்.

இவர்களின் குடியுரிமை குறித்து இந்தியாவும் இலங்கையும் செய்த 1964 ஒப்பந்தத்துக்கு வருகிறேன். அன்றைய இலங்கைப் பிரதமர் சிறிமா அம்மையார் எங்களைத் துரத்திவிட்டார் என்பதே பெரும்பாலான குடும்பங்களில் கேட்கும் பேச்சு. அது பாதி உண்மை. இவர்கள் இலங்கையின் பொறுப்பு என்று நேரு நெடுங்காலம் வாதிட்டு வந்தார். அவர் மறைந்து ஆறு மாதம் நிறைவதற்குள், 1964 அக்டோபர் 30 அன்று, 9,75,000 பேரில் 5,25,000 பேரை இந்தியா ஏற்கும் என்று அடுத்த பிரதமர் சாஸ்திரி கையெழுத்திட்டார். 3,00,000 பேர் இலங்கைக்கு என்று முடிவாயிற்று. மிச்சம் 1,50,000 பேரை 1974இல் ஆளுக்குப் பாதியாகப் பிரித்துக்கொண்டார்கள். டில்லி ஏன் நிலை மாறியது என்பதைக் குடும்பக் கதை விளக்காது. பழியை ஒருவர் மீது மட்டும் ஏற்றிவிட்டு மற்றவரை விட்டுவிடும் வரலாறு, பாதிக்கப்பட்ட மக்களுக்கே நீதி செய்யாது.

தேயிலைச்சாரல்:
டில்லியின் பொறுப்பை நீங்கள் சுட்டியது நியாயம்தான். ஆனால் அந்த ஒப்பந்தம் எழுதியபடி நடந்ததா? இரு நாட்டுத் தலைவர்கள் தோட்ட மக்களைக் கேட்காமல் எண்களைப் பிரித்தார்கள். விண்ணப்பம் கேட்டபோது, இந்தியாவுக்கு எழுதிக்கொடுத்தவர்கள் எதிர்பார்த்த தொகையைவிடக் குறைந்தார்கள். இலங்கையிலேயே இருக்கிறோம் என்றவர்கள் ஒதுக்கிய தொகையை வெகுவாகத் தாண்டினார்கள். எஞ்சிய நாடற்றவர்களுக்குக் குடியுரிமை வழங்கும் சட்டத்தை 2003இல் இலங்கை நிறைவேற்ற நேர்ந்ததன் வேர் அங்கே இருக்கிறது. இதனால்தான் சாதாரண மனிதரின் வாழ்க்கையைத் துயரத்தின் சாட்சியாக மட்டும் பார்க்கக் கூடாது என்கிறேன். காம்பராவுக்குள் கணவனும் மனைவியும் அண்ணனும் தங்கையும் பேசி எடுத்த முடிவுகள், இரண்டு அரசுகளின் கணக்கைத் திருத்தின.

ஏட்டுக்கட்டு:
இது வலுவான வாதம். ஆயினும், அத்தனை பேரும் முடிவெடுத்துத் தங்கினார்கள் என்று எழுதிவிடாதீர்கள். 1983 வன்முறைக்குப் பிறகு போர் முற்றி, 1984இல் தலைமன்னார்க் கப்பலும் நின்றது. இந்தியக் கடவுச்சீட்டைக் கையில் வைத்துக்கொண்டே போக வழியின்றி நின்றவர்கள் பல்லாயிரம் பேர். எவர் விரும்பித் தங்கினார், எவர் சிக்கிக்கொண்டார் என்று பிரித்தறியக் கடவுச்சீட்டின் தேதியும் கப்பல் பதிவும் வேண்டும். எனவே பாடநூலின் முதல் அத்தியாயம் சட்டமும் ஒப்பந்தமுமாகவே இருக்கட்டும் என்ற நிலையிலிருந்து நான் விலகவில்லை.

கோத்தகிரிக்காரி:
ஐயா, கப்பல் பதிவு அதையும் முழுதாகச் சொல்லிவிடாது. பாட்டியின் தம்பி மகன் ஒருவர் பின்னாளில் மனம் மாறி இந்தியக் கடவுச்சீட்டு வாங்கினார். கப்பல் ஓடிக்கொண்டிருந்த காலத்திலேயே அவர் வராமல் நின்றுவிட்டார். மண்டபத்திலிருந்தும் கோத்தகிரியிலிருந்தும் பாட்டி சொல்ல, என் தந்தை எழுதிய கடிதங்களே அதற்குக் காரணம் என்பார்கள். அரசு வாக்களித்த வீடு கிடைக்காதது, மறுவாழ்வுக் கடன் தொகைக்கு அலைந்தது, வேலைக்குக் காத்திருந்தது எல்லாம் அவற்றில் இருந்தனவாம். அந்தக் கடிதங்கள் தேதியோடும் அஞ்சல் முத்திரையோடும் நானுஓயாவில் அவர் மகளிடம் இருக்கின்றன. படம் எடுத்து அனுப்பக் கேட்டிருக்கிறேன். வந்ததும் இந்த இழையிலேயே பதிவிடுகிறேன், நீங்கள் இருவருமே படித்துப் பாருங்கள்.