ஜப்பான் ஏலத்தில் 20 டன் செயின் வண்டி: 30 லட்சம் என்கிறார்கள், நம்பலாமா?

ராசிபுரம் மண்வேலை:

எல்லோருக்கும் வணக்கம். அப்பா 22 வருடமாக மண்வேலை எடுக்கிறார். நான் பி.காம் முடித்து நாலு வருடமாகக் கணக்கைப் பார்த்துக்கொள்கிறேன். எங்களிடம் இரண்டு ஜேசிபி, மூன்று டிப்பர், 16,000 மணி நேரம் ஓடிய ஒரு பழைய ஹிட்டாச்சி. (எங்கள் ஊரில் செயினில் நகர்ந்து மண் தோண்டும் எக்ஸ்கவேட்டர், அதாவது செயின் வண்டி, எந்தக் கம்பெனியானாலும் பெயர் ஹிட்டாச்சிதான்.) அந்தக் கிழவன் மாதத்தில் எட்டு நாள் ஷெட்டில்தான் படுத்திருக்கிறான். மாற்றியாக வேண்டும்.

சென்னையில் ஒரு ஏஜென்ட் வாட்ஸ்அப்பில் அனுப்பிய ஆஃபர்: கொமாட்சு பிசி200-8, 2013 மாடல், ஓடிய மணி நேரம் காட்டும் மீட்டரில் 7,400. யோகோஹாமாவில் கப்பல் ஏற்றும் வரை 52 லட்சம் யென். 100 யென் 58 ரூபாய் என்று போட்டால் 30,16,000 ரூபாய் வருகிறது. புது வண்டிக்கு டீலர் கொடுத்த கொட்டேஷன் 56 லட்சம், மேலே 18 சதவீத ஜிஎஸ்டி. ஆக 66 லட்சத்துக்குக் கொஞ்சம் மேல். சங்ககிரியில் ஒரு புரோக்கர் 2019 மாடல் இந்திய வண்டி ஒன்றை 34 லட்சத்துக்குக் காட்டுகிறார்.

அப்பா, "கடனில் புதுசு எடு, தூங்கலாம்" என்கிறார். எனக்கு அந்த 30 லட்சம் கண்ணை விட்டுப் போக மாட்டேன் என்கிறது. வரியெல்லாம் சேர்த்து உண்மையில் எவ்வளவு ஆகும்? இன்னொன்று, "இன்வாய்ஸைப் பாதி விலைக்குப் போட்டுக்கொள்ளலாம், வரி மிச்சம்" என்று ஏஜென்ட் சொல்கிறார். இது எல்லோரும் செய்வதா?

---

துறைமுகக் கணக்கு:

சென்னையில் துறைமுகச் சரக்கைச் சுங்கத்திலிருந்து விடுவித்துத் தரும் ஒரு கிளியரிங் ஆபீஸில் 14 வருடமாக வேலை பார்க்கிறேன். முதலில் கடைசிக் கேள்வி. பாதி இன்வாய்ஸ் சொன்ன ஏஜென்டின் நம்பரை இன்றைக்கே பிளாக் செய்யுங்கள். மதிப்பைக் குறைத்துக் காட்டினால் சுங்கச் சட்டம் 1962, பிரிவு 111(எம்)-இன்படி வண்டியையே பறிமுதல் செய்யலாம். 114ஏ-இன்படி ஏய்த்த வரிக்குச் சமமாக அபராதம். வேண்டுமென்றே மறைத்தது என்றால் ஐந்து வருடம் பின்னோக்கியும் நோட்டீஸ் வரும். அந்த நோட்டீஸ் ஏஜென்ட் பெயருக்கு வராது, உங்கள் ஐஇசி எண்ணுக்குத்தான் (இறக்குமதி செய்பவருக்கான பதிவு எண்) வரும்.

சரி, கணக்குக்கு வருவோம். நீங்கள் போட்டது வண்டி விலை மட்டும். சுங்கம் பார்ப்பது வண்டி, கப்பல் கட்டணம், இன்ஷூரன்ஸ் மூன்றும் சேர்ந்த மதிப்பு. ரோரோ கப்பலில் (வண்டியை ஓட்டியே ஏற்றி இறக்கும் கப்பல்) இந்த அளவு வண்டிக்கு ஒரு 4 லட்சம் வையுங்கள். இன்ஷூரன்ஸ் 34,000 என்று வைத்தால் மொத்தம் 34.5 லட்சம். (கப்பல் கட்டணத்துக்குத் தாள் இல்லையென்றால் வண்டி விலையில் 20 சதவீதம் என்று அவர்களே போட்டுக்கொள்வார்கள். உங்கள் விஷயத்தில் அது 6 லட்சம் ஆகிவிடும். அதனால் ரசீதைப் பத்திரமாக வையுங்கள்.)

இந்த வகை வண்டிக்கான சுங்கக் குறியீடு எச்எஸ் 8429-இல் அடிப்படை வரி 7.5 சதவீதம்: 2,58,750. அந்த வரியின் மேல் 10 சதவீதம் சமூகநலக் கூடுதல் வரி: 25,875. இவையெல்லாம் சேர்ந்த தொகைக்கு 18 சதவீத ஐஜிஎஸ்டி (இறக்குமதிக்குக் கட்டும் ஜிஎஸ்டி): சுமார் 6,72,000. ஆக மொத்த வரி 9.57 லட்சம். 18 சதவீதம்தானே என்று வருகிறவர்களுக்கு நான் எப்போதும் சொல்வது, நூற்றுக்கு 27 ரூபாய் 74 பைசா.

அதற்குமேல் துறைமுகக் கூலி, எங்கள் கூலி, பொறியாளர் சான்றிதழ், ராசிபுரம் வரை லோபெட் (வண்டியை ஏற்றி வரும் தாழ்வான டிரெய்லர்) எல்லாம் சேர்த்து 2.25 லட்சம். செயின் வண்டி அகலம் 2.6 மீட்டரைத் தாண்டும், ஆகவே லோபெட்டுக்கு அளவு மீறிய சரக்குக்கான பெர்மிட்டும் வேண்டும். உங்கள் வாசலில் வந்து நிற்கும்போது 46.3 லட்சம்.

இதில் ஐஜிஎஸ்டி 6.72 லட்சத்தை உள்ளீட்டு வரியாக, அதாவது நீங்கள் வசூலித்துக் கட்டும் ஜிஎஸ்டியில் கழிவாக, எடுத்துக்கொள்ளலாம். உங்களுக்கு பில் கேட்கிற பார்ட்டிகள் இருந்தால் அது பணம். கிணறு, வரப்பு, பண்ணைக்குட்டை என்று பில் கேட்காத வேலைதான் அதிகம் என்றால் அந்தத் தொகை ஜிஎஸ்டி போர்ட்டலில் உட்கார்ந்து உங்களைப் பார்த்துக்கொண்டிருக்கும்.

இப்போது உண்மையான தலைவலி. பழைய இயந்திரத்தை இறக்குமதி செய்ய லைசென்ஸ் வேண்டாம். ஆனால் மதிப்பு என்ன என்பதை உங்கள் இன்வாய்ஸ் மட்டும் முடிவு செய்யாது. சார்ட்டர்ட் இன்ஜினியர் பார்த்துச் சான்றிதழ் தர வேண்டும். 2020 பிப்ரவரியில் வந்த 7/2020 சுற்றறிக்கை இதற்கான படிவத்தையே வகுத்துக் கொடுத்திருக்கிறது. புதிதாக இருந்தபோது என்ன விலை என்று பார்த்துக் கழித்துக்கொண்டே வரும் பழைய முறை ஒன்று உண்டு. முதல் வருடம் காலாண்டுக்கு 4 சதவீதம், அடுத்த வருடம் 3, மூன்றாம் வருடம் 2.5, பிறகு 2. ஆனால் 70 சதவீதத்தோடு நிறுத்திவிடுவார்கள். கூட்டிப் பாருங்கள், ஏழாவது வருட முடிவில் 70 வந்துவிடும். அதன் பிறகு 2013 வண்டியும் 2005 வண்டியும் அந்தக் கணக்கில் ஒன்றுதான். நீங்கள் ஏலத்தில் மலிவாகவே எடுத்திருந்தாலும், "இது 42 லட்சம் பெறும்" என்று சான்றிதழ் வந்து அதிகாரியும் அதையே ஏற்றுக்கொண்டால், வரி மட்டும் இன்னொரு 2.08 லட்சம் ஏறும். எதிர்த்து வாதாடலாம். வாதாடும் நாட்களுக்குத் துறைமுகத்தில் டெமரேஜ் (தாமதக் கட்டணம்) ஓடும். அதனால்தான் பாதிப் பேர் கட்டிவிட்டு எடுத்துக்கொண்டு போகிறார்கள்.

ஜப்பானோடு 2011 முதல் வர்த்தக ஒப்பந்தம் இருக்கிறதே, அடிப்படை வரி குறையாதா என்று யாராவது உங்களிடம் சொல்வார்கள். அதற்கு ஜப்பானில் செய்தது என்ற மூலச் சான்றிதழ் வேண்டும். 2020 செப்டம்பருக்குப் பிறகு, இறக்குமதி செய்பவரே மூல விவரத்தைக் கையில் வைத்திருக்க வேண்டும் என்றும் விதி வந்துவிட்டது. மூன்று கை மாறி ஏலத்துக்கு வந்த வண்டிக்கு அந்தத் தாளை வாங்கித் தரும் விற்பனையாளரை நான் அதிகம் பார்த்ததில்லை.

---

பக்கெட் மாமா:

அம்மணி, நான் சங்ககிரிப் பக்கம். ஆப்பரேட்டராக ஆரம்பித்து இப்போது நாலு வண்டி வைத்திருக்கிறேன். மேலே தம்பி சொன்ன கணக்கில் எனக்குக் குறை ஒன்றும் இல்லை. ஆனால் அது வண்டி கேட் தாண்டும் வரைக்குமான கணக்கு.

2017-ல் நான் துபாயிலிருந்து ஒரு 20 டன் கொண்டுவந்தேன். கம்பெனி பெயர், விற்றவர் பெயர் எல்லாம் வேண்டாம். போட்டோவில் மஞ்சள் பெயின்ட் பளபள என்று இருந்தது. இங்கே இறக்கி ஒரு வாரம் ஓட்டியதும் பூம் அடிப்பக்கத்தில் பெயின்ட் உரிந்தது, உள்ளே ஒரு முழ நீளத்துக்கு வெல்டிங். மூன்றாவது மாதம் மெயின் பம்ப் போச்சு. வண்டியின் சீரியல் நம்பரைக் கொண்டுபோய் இங்கே பார்ட்ஸ் கேட்டால், "இந்த நம்பர் எங்கள் சிஸ்டத்திலேயே இல்லை" என்றார்கள். பம்ப் வெளிநாட்டிலிருந்து வர ஐந்து வாரம். அந்த ஐந்து வாரமும் குவாரிக்காரன் வேறு வண்டியைப் பழகிக்கொண்டான். பம்ப் வந்தது, பார்ட்டி திரும்பி வரவில்லை.

ஜப்பான் வண்டி துபாய் வண்டி மாதிரி மணலிலும் உப்பிலும் அரைபட்டிருக்காது, ஒத்துக்கொள்கிறேன். ஆனால் அவர்கள் ஊருக்கென்று செய்த மாடலில் மானிட்டர் முழுக்க ஜப்பானிய எழுத்து இருக்கும். எர்ரர் வந்தால் என் ஆப்பரேட்டர் படத்தைப் பார்த்து ஜோசியம் சொல்வான்.

7,400 மணி என்பதை நம்பாதே. 2013 வண்டி, வருடம் 600 மணி கூட ஓடவில்லை என்கிறது மீட்டர். சின்ன நகராட்சி வேலையாக இருந்தால் சாத்தியம்தான். ஆனால் மீட்டரைப் பார்க்காதே, பெடலைப் பார். ரப்பர் தேய்ந்து இரும்பு பளபளக்கிறதா? சீட் மாற்றியிருக்கிறார்களா? பக்கெட்டைத் தரையில் ஊன்றி வண்டியைத் தூக்கி ஸ்விங் பேரிங்கில் (மேல்பாகம் சுழலும் இடம்) ஆட்டம் இருக்கிறதா என்று பார்க்கச் சொல். செயின், ரோலர், ஸ்ப்ராக்கெட் இவற்றை போட்டோவில் வாங்காதே, தேய்மானம் எத்தனை சதவீதம் என்று எழுதி வாங்கு. எல்லாவற்றுக்கும் மேல், ஹைட்ராலிக் எண்ணெய் டேங்குக்குத் திரும்பும் வழியில் இருக்கும் ரிட்டர்ன் ஃபில்டரைக் கழற்றி வெட்டிப் பார்க்க வேண்டும். மடிப்புக்குள் பித்தளைத் துகள் மின்னினால் பம்ப் போய்க்கொண்டிருக்கிறது என்று அர்த்தம். இதையெல்லாம் யோகோஹாமாவில் யார் உனக்காகச் செய்வார்கள்?

---

ராசிபுரம் மண்வேலை:

இரண்டு பேருக்கும் நன்றி. 30 என்று நினைத்துத் தூங்கப் போனேன், 46-இல் கண் விழித்தேன். ஒரு சந்தேகம். டாலர் ஏறிக்கொண்டே போகிறது, இப்போது எடுக்காவிட்டால் இன்னும் விலை ஏறும் என்று ஏஜென்ட் அவசரப்படுத்துகிறார். அது உண்மையா?

---

கொள்முதல் மேசை:

ஒரு கட்டுமான நிறுவனத்தில் இயந்திரக் கொள்முதல் பார்ப்பவன். டாலர் ஏறியது உண்மை. 2022 தொடக்கத்தில் 75-க்குப் பக்கத்தில் இருந்தது, 2025 டிசம்பரில் 90-ஐத் தாண்டியது. துபாய் வண்டிக்கு இது நேரடி அடி, ஏனென்றால் திர்ஹம் டாலரோடு கட்டிப்போட்ட நாணயம். ஆனால் உங்கள் ஆஃபர் யென்னில் இருக்கிறது. யென் வேறு வழியில் போகும். 2024 ஜூலையில் யென் படுத்துக் கிடந்தபோது 100 யென் 52 ரூபாய். அன்றைக்கு இதே 52 லட்சம் யென் 27 லட்சம்தான். இப்போது 30. இந்த 3 லட்சத்தில் ரூபாய் இறங்கியதற்கும் பங்கு உண்டுதான், ஆனால் யென் எந்தப் பக்கம் போகிறது என்று சொல்லாமல் டாலரை மட்டும் காட்டி உங்களை அவசரப்படுத்தினால், அவருக்குக் கணக்கு தெரியவில்லை அல்லது உங்களுக்குத் தெரியாது என்று நினைக்கிறார். சுங்கத்துக்கு எந்த விலையில் மாற்றுவது என்பதும் தனி. மாதம் இருமுறை சுங்கத் துறை அறிவிக்கும் விலைதான், நீங்கள் வங்கியில் பணம் அனுப்பிய அன்றைய விலை இல்லை.

இன்னொரு பக்கம், யென் மலிந்தால் ஏலத்தில் நாம் மட்டும் கை தூக்குவதில்லை. உலகமே தூக்குகிறது, யென் விலை ஏறிவிடுகிறது. மலிவு முழுசாக நம் கைக்கு வருவதே இல்லை.

எங்கள் ஆபீஸில் 20 டன் வண்டியை இறக்குமதி செய்யலாமா என்ற பேச்சே வருவதில்லை. கோபெல்கோ ஸ்ரீசிட்டியில் செய்கிறது, டாடா ஹிட்டாச்சி தார்வாடிலும் கரக்பூரிலும், ஹூண்டாயும் சானியும் புனே பக்கம் சாகனில். இத்தனை பேர் அடித்துக்கொள்ளும் அளவில் கப்பல் கூலியும் 27 சதவீதமும் கட்டிக் கொண்டுவரும் வண்டி எங்கே நிற்கும்? நாங்கள் வெளிநாட்டிலிருந்து எடுக்கப் பார்ப்பது பெரிய கிராலர் கிரேன் (செயினில் நகரும் கிரேன்), பைலிங் ரிக் (அஸ்திவாரத் தூணுக்குத் துளையிடும் இயந்திரம்) போன்றவை. அவை இங்கே குறைவு, வாடகையும் அதிகம், அதனால் வரி கட்டினாலும் தேறுகிறது.

சீனாவையும் ஒரு கண் பாருங்கள். அங்கே வீடு கட்டும் தொழில் 2021-க்குப் பிறகு படுத்ததிலிருந்து அவர்கள் கவனம் முழுக்க வெளியில்தான். 2023-ல் சீனக் கம்பெனிகள் விற்ற எக்ஸ்கவேட்டர்களில் பாதிக்கு மேல் ஏற்றுமதி. இங்கே புது வண்டி விலை நிறுத்திப் பிடிக்கப்படுவதற்கு இந்தப் போட்டியும் ஒரு காரணம் என்பது என் கணிப்பு. உங்கள் 56 லட்சம் கொட்டேஷனை இன்னும் இரண்டு டீலரிடம் காட்டிப் பேசினீர்களா? மாதக் கடைசியில் பேசுங்கள்.

"2025 ஜனவரியில் புது புகை விதி வந்தது, எல்லா வண்டியும் ஏறிவிட்டது" என்று டீலர் சொன்னால், அது உங்கள் ஜேசிபி மாதிரி டயர் வண்டிகளுக்கு. சாலைப் பதிவு இல்லாத செயின் வண்டி அந்த விதிக்குள் வராது. பதிவு இல்லாததில் ஒரு பாதகமும் உண்டு: இறக்குமதி செய்த பழைய செயின் வண்டிக்குக் கடன் கேட்டால் வங்கி முகம் சுளிக்கும். 46 லட்சமும் கைக்காசாகப் போகும். புது வண்டிக்கு நீங்கள் போடுவது முன்பணம் மட்டும்.

---

வரப்பு வெட்டி:

என்னைக் கேட்டால் அந்த 16,000 மணிக் கிழவனுக்கே ஒரு பம்ப் போட்டு விடுங்கள். ஷெட்டில் படுத்தாலும் சொந்த வண்டி.

---

ராசிபுரம் மண்வேலை:

அந்தக் கிழவனுக்கு இதுவரை இரண்டு பம்ப் போட்டாகிவிட்டது அண்ணா.

எல்லாவற்றையும் தாளில் எழுதி அப்பாவிடம் காட்டினேன். ஐஜிஎஸ்டியைக் கழித்தால் ஜப்பான் வண்டி 39.6 லட்சம், 13 வயது, பார்ட்ஸ் சந்தேகம். சங்ககிரி வண்டி 34, வயது பாதி, பார்ட்ஸ் சேலத்திலேயே கிடைக்கும். புதுசு ஜிஎஸ்டி கழித்து 56. எங்கள் வேலையில் பாதிக்கு மேல் பில் கேட்காத விவசாய வேலை என்பதால் அந்தக் கழிவும் எனக்கு முழுசாகக் கிடைக்காது. ஏஜென்டுக்கு வேண்டாம் என்று எழுதிவிட்டேன். உடனே 50 லட்சம் யென் என்று பதில் வந்தது.

சனிக்கிழமை சங்ககிரி வண்டியைப் பார்க்கப் போகிறோம். மாமா, நீங்களும் வர முடியுமா? ஃபில்டரை வெட்டிப் பார்ப்பது பற்றிச் சொன்னதும் அப்பா இரும்புக் கடைக்குப் போய்ப் பெரிய காந்தம் ஒன்று வாங்கி வந்து வைத்திருக்கிறார்.

---

பக்கெட் மாமா:

வருகிறேன் அம்மணி, ஒன்பது மணிக்கு. பித்தளை காந்தத்தில் ஒட்டாது என்று அப்பாவிடம் சொல்லு. வெள்ளை வேட்டித் துணி ஒன்று கிழித்து எடுத்துவரச் சொல்.